வாளும் கொல்லனும்: பாத்திரமேற்பு விளையாட்டுகளில் தெரிவுச் சுதந்திரம் பற்றிய ஒரு நோக்கு

1

கலை இலக்கியம் பற்றிய நமது ஆய்வுகள் பெரும்பாலும் நூல், நாடகம், திரைப்படம் ஆகியவற்றோடு நின்றுவிடுகின்றன. கணினி விளையாட்டுகளை, இளைஞரின் பொழுதைக் கவரும் வெறும் கேளிக்கை என்றோ முதலாளித்துவப் பண்பாட்டின் நச்சு விளைவு என்றோ முற்போக்காளர் பலர் ஒதுக்கி வந்துள்ளனர். மறுபுறத்தே, வாசகரைப் போலன்றி விளையாடுபவர் தாமே செயற்படுகிறார், தாமே தெரிவுசெய்கிறார், ஆதலால் இது சுதந்திரத்தின் கலை எனப் போற்றுவோரும் உளர். இவ்விரு நிலைப்பாடுகளும் ஒரே குறைபாட்டை உடையன. இரண்டும் விளையாட்டின் உருவத்தை உற்று நோக்காமலே தீர்ப்பு வழங்கிவிடுகின்றன.

விளையாட்டின் உருவம் என நாம் இங்குக் கருதுவது அதன் கதையையோ காட்சியழகையோ அன்று. விளையாடுபவர் எதனைச் செய்யலாம், எதனைச் செய்யவியலாது என வரையறுக்கும் விதிகளின் தொகுதியையே நாம் அவ்வாறு குறிப்பிடுகிறோம். சுதந்திரம் பற்றிய பேச்சு மிகுதியாக எழும் விதியொன்றை இக்கட்டுரை ஆராய்கிறது. ஆயுதத்தின் சேதவகையையும் அதனோடு இணைந்த போர்த்திறனையும் விளையாடுபவர் தமது விருப்பப்படி மாற்றியமைத்துக்கொள்ளும் முறையே அது. யப்பானிய நிறுவனமான ஃபுறொம்சொஃப்ற்வெயார் உருவாக்கி, ஹிடேற்றகா மியாஸாக்கியின் நெறியாள்கையில் 2022 பெப்ரவரியில் வெளிவந்த 'எல்டன் றிங்' நமது முதன்மை எடுத்துக்காட்டாகும். வெளிவந்து ஓராண்டினுள் 20 மில்லியன் பிரதிகள் விற்பனையான ஆக்கம் ஒன்றைப் பண்பாட்டு ஆய்வாளர் பொருட்படுத்தாதிருப்பது அறிவுடைமையாகாது.

2

இம்முறையின் தோற்றத்தைச் சுருக்கமாக நோக்குதல் பயனுடையது. 1974இல் ஐக்கிய அமெரிக்காவில் வெளிவந்த 'டஞ்சன்ஸ் அன்ட் ட்ராகன்ஸ்' என்னும் மேசை விளையாட்டு, ஒரு மனிதனின் வலிமை, அறிவு, ஆற்றல் அனைத்தையும் எண்களாக எழுதிவைக்கும் வழக்கத்தைப் பரப்பியது. அவ்வெண்களைக் கணினிக்குக் கொண்டுவந்து, விரைந்த சண்டையோடு இணைத்த ஆக்கங்களுள் 1996இன் இறுதியில் வெளியான 'டயாப்லோ' முக்கியமானது. 2000இல் வந்த அதன் இரண்டாம் பாகத்தில், துளையுள்ள ஆயுதங்களில் மணிகளைப் பதிக்கலாம். மாணிக்கத்தைப் பதித்தால் வாள் நெருப்புச் சேதத்தை விளைவிக்கும். நீலம் குளிரையும் மரகதம் நஞ்சையும் தரும். ஆயுதம் என்பது கண்டெடுக்கும் பொருள் என்ற நிலையிலிருந்து, விளையாடுபவர் தாமே 'அமைத்துக்கொள்ளும்' பொருள் என்ற நிலைக்கு இங்கு வந்து சேர்கிறது.

இவ்வளர்ச்சியின் தர்க்கரீதியான முடிவு 2012இல் வெளிப்பட்டது. 'டயாப்லோ'வின் மூன்றாம் பாகம், விளையாட்டினுள் கிடைக்கும் ஆயுதங்களை உண்மைப் பணத்துக்கு விற்கவும் வாங்கவும் ஓர் ஏலச்சந்தையைத் திறந்தது. ஒவ்வொரு விற்பனையிலும் நிறுவனம் தனது பங்கைக் கழித்துக்கொண்டது. 2014 மார்ச்சில் அச்சந்தை மூடப்பட்டது. அரக்கரைக் கொன்று நல்ல ஆயுதத்தைப் பெறுதல் என்னும் விளையாட்டின் அடிப்படையையே சந்தை குலைத்துவிட்டது என்பதை ஆக்கியோரே ஒப்புக்கொண்டனர். விலைக்கு வாங்கக்கூடியதை எவரும் தேடித் திரிவதில்லை. பயன்பெறுமதியாக இருந்தது பரிமாற்றப் பெறுமதியாக மாறியவுடன் விளையாட்டு வேலையாகிவிட்டது. சந்தைக்கு எதிராக மார்க்சியர் கூறும் வாதமொன்றைச் சந்தை தானே செயலில் நிறுவிக்காட்டிய அரிய சந்தர்ப்பம் இது.

3

'எல்டன் றிங்' அத்தகைய சந்தை எதனையும் கொண்டிருக்கவில்லை. ஆகவே அதனைச் சற்று நுணுகி நோக்குதல் வேண்டும்.

இவ்விளையாட்டில் சேதம் 8 வகைப்படும். பொது, மோதல், வெட்டு, குத்து என்பன உடல்சார்ந்த நான்கு. மந்திரம், நெருப்பு, மின்னல், புனிதம் என்பன ஏனைய நான்கு. இவற்றைவிடக் குருதிப்பெருக்கு, நஞ்சு, உறைபனி முதலிய நிலைக்கேடுகளும் உள. சாதாரண ஆயுதமொன்றில் 'ஆஷ் ஒஃப் வோர்' எனப்படும் போர்ச்சாம்பலைப் பொருத்தும்போது இரண்டு மாற்றங்கள் நிகழ்கின்றன. வாளின் சிறப்புத் திறன் மாறுகிறது. அதன் தன்மையும் மாறுகிறது. தன்மைகள், இயல்பான நிலையையும் சேர்த்து 13 ஆகும். 'கனத்த' தன்மை ஏற்றப்பட்ட வாள் ஏந்துவோரின் வலிமையையும், 'கூரிய' தன்மை அவரது கைத்திறனையும், மந்திரத் தன்மை அவரது அறிவையும் பற்றி நின்று பலம் பெறுகிறது. சாணையலகுகள் எனப்படும் கருவிகளைத் தேடிக் கண்டெடுக்குந்தோறும் தெரிவின் எல்லை விரிவடைகிறது.

இவற்றுள் எதுவும் முழு ஆதாயமன்று. நெருப்பேற்றிய வாள் தன் உடல்சார் சேதத்தில் ஒரு பகுதியை இழக்கிறது. எதிரியின் தற்காப்பு ஒவ்வொரு சேதவகைக்கும் தனித்தனியே கணிக்கப்படுவதால், இரண்டாகப் பிரிந்த தாக்குதல் பலவேளைகளில் ஒரே வகையான தாக்குதலிலும் குறைந்த பயனையே தருகிறது. பளிங்கு உடல் கொண்ட எதிரிகளை வாளால் வெட்டுவது வீண்; சம்மட்டியால் மோதி உடைக்க வேண்டும். மீண்டும் மீண்டும் எழும் எலும்புக்கூடுகளைப் புனிதச் சேதம் எழவிடாது வீழ்த்தும். தோல்வியுற்ற விளையாடுபவர் எதிரியை ஆராய்கிறார், வாளை மாற்றுகிறார், மீளவும் முயல்கிறார். உலகத்தின் இயல்பை அறிந்தே அதனை மாற்றவியலும் என்னும் உண்மை இங்கு விளையாட்டு வடிவில் பயிலப்படுகிறது. இவ்வின்பத்தைப் பொய்யின்பம் என ஒதுக்கும் திறனாய்வை நாம் ஏற்பதற்கில்லை.

எனினும் இவ்வறிவின் எல்லையையும் கூறியாக வேண்டும். கொல்வதால் கிடைக்கும் 'றூன்' ஒன்றே இவ்வுலகின் நாணயம். பொருள் வாங்குவதும் ஆயுதத்தை வலுவூட்டுவதும் அதனாலேயே. தனது வலிமை, அறிவு, விசுவாசம் ஆகியவற்றை உயர்த்துவதும் அதனாலேயே. மனித ஆற்றல்கள் யாவும் ஒரே அளவுகோலால் விலை மதிக்கப்படுகின்றன. பண்பு அளவாகிறது, எதிரி ஒரு பலவீனங்களின் பட்டியலாகிறான். அவன் ஏன் எதிரியானான் என்ற வினா வாளை அமைக்கும்போது எழுவதில்லை. எழவும் தேவையில்லை.

4

நமது வாதத்தின் மையம் இனி வருவதாகும். அதே நிறுவனத்தின் முந்திய ஆக்கமான 'டார்க் சோல்ஸ்' (2011) விளையாட்டில் ஆயுதத்தின் தன்மையை மாற்ற விரும்புவோர் கொல்லனிடம் செல்ல வேண்டும். மந்திரத்துக்கு ஒரு கொல்லன். பெருநெருப்புக்கு வேறொரு கொல்லன். பல மாற்றங்களுக்கு உரிய தணலைத் தேடிக் கொணர்ந்து அவர்களிடம் கொடுத்தல் வேண்டும். கனிமமும் நாணயமும் செலவாகும். தெரிவு என்பது பட்டறையில், உழைப்பின் முன்னிலையில், ஓர் இழப்பை ஏற்றுக்கொண்டு நிகழ்ந்தது.

'எல்டன் றிங்' இதனை மாற்றிவிட்டது. சாணைக்கத்தி கைக்கு வந்தபின் வாளின் திறனையும் தன்மையையும் மாற்றக் கொல்லன் தேவையில்லை, செலவும் இல்லை. வழியெங்கும் பொன்னொளி வீசும் அருள்தலம் ஒன்றில் அமர்ந்து, விரும்பியபோதெல்லாம் மாற்றலாம். ஆனால் வாளை உச்ச நிலைவரை வலுவூட்டவும், ஒரு போர்ச்சாம்பலை இன்னொரு பிரதியாக்கவும் வட்டமேசை மண்டபத்துக்குச் சென்று ஹியூக் என்னும் கொல்லனையே நாட வேண்டும். தெரிவு ஓரிடத்திலும் உழைப்பு வேறோரிடத்திலுமாகப் பிரிக்கப்பட்டுவிட்டன. தெரிவு அருளொளியில் நிகழ்கிறது. உழைப்பு விலங்கில் நிகழ்கிறது.

விலங்கு என நாம் கூறுவது உருவகமன்று. ஹியூக் அம்மண்டபத்தில் சங்கிலியாற் பிணிக்கப்பட்ட கைதி. இவ்வுலகில் இழிந்தோராக ஒதுக்கப்பட்ட 'மிஸ்பிகொட்டன்' இனத்தைச் சேர்ந்தவன். தெய்வத்தைக் கொல்லவல்ல ஆயுதம் ஒன்றை ஆக்கித்தருமாறு மரிக்கா அரசி அவன்மேல் கடமை சுமத்தியிருக்கிறாள். விளையாடுபவர் எத்தனை முறை சென்றாலும் அவன் அடித்துக்கொண்டே இருக்கிறான். கதையின் பிற்பகுதியில் எர்ட்றீ என்னும் பெருமரம் எரியூட்டப்பட, மண்டபமும் தீப்பற்றுகிறது. ஹியூக் நினைவிழந்து போகிறான். தான் யாரிடம் பேசுகிறான் என்பதையும் மறந்துவிடுகிறான். கை மட்டும் தன் தொழிலை மறக்கவில்லை.

இவ்விளையாட்டுக்கு ஒன்றுக்கு மேற்பட்ட முடிவுகள் உண்டு. பழைய ஒழுங்கைச் செப்பனிட்டு ஆளலாம். நிலவின் யுகத்தைத் தொடக்கலாம். உலகையே தீக்கிரையாக்கலாம். வாளுக்கு 13 தன்மைகள் தரப்பட்டுள்ளன. உலகின் முடிவுக்கும் தெரிவுகள் தரப்பட்டுள்ளன. ஆனால் கொல்லனின் சங்கிலியை அறுக்கும் தெரிவு ஒன்றேனும் தரப்படவில்லை. எந்தச் சேதவகையும் அச்சங்கிலிமேற் செல்லாது. இதுவே இவ்விளையாட்டின் சுதந்திரத்துக்கு உள்ள வரம்பு. நுகர்வோனுக்கு எண்ணற்ற தெரிவுகளை வழங்கி, உற்பத்தி உறவுகளைத் தெரிவுக்கு அப்பாற்பட்டனவாக வைத்திருக்கும் நமது காலச் சமூகத்தின் வரம்பும் இதுவே.

5

வீரயுக இலக்கியங்களோடு ஒப்பிட்டால் இதன் புதுமை தெளிவாகும். இலியட்டின் 18ஆம் காண்டத்தில் அக்கிலீசின் கேடயத்தை ஆக்குபவன் தெய்வக் கொல்லனான ஹெஃபைஸ்ரஸ். அவன் கால் ஊனமுற்றவனாயினும் அவனது தொழில் காவியத்தின் பெருமிதமாக விரித்துரைக்கப்படுகிறது. பொன்முடியார் பாடிய புறநானூற்று 312ஆம் செய்யுள் தாய், தந்தை, வேந்தன் ஆகியோரின் கடமைகளோடு கொல்லனின் கடமையையும் ஒரே வரிசையில் வைத்து எண்ணுகிறது. கடமை என்ற பெயரால் சமூகப் பிரிவினை அங்கு இயல்பாக்கப்படுகிறது என்பது உண்மையே. ஆயினும் வேலுக்கும் அதை வடித்தவனுக்கும் உள்ள உறவு மறைக்கப்படவில்லை. பின்தோன்றிய முதலாளித்துவ யுகத்திலேயே பண்டம் தன்னை ஆக்கிய கையை மறைத்து, தானே ஆற்றல் உடையது போலத் தோன்றலாயிற்று. 1867இல் மார்க்ஸ் 'மூலதனம்' நூலில் விளக்கிய பண்டங்களின் மாயத்தன்மை இதுவே. தன்னிச்சையாக நெருப்பையும் மின்னலையும் ஏற்கும் வாள் அம்மாயத்தின் நேரிய வடிவம்.

இங்கு ஒரு மறுப்பு எழக்கூடும். இலாபத்துக்காக விற்கப்படும் பண்டமொன்று தன்னைத் தானே எவ்வாறு விமர்சிக்கும்? ஹியூக்கைப் படைத்தவர்கள் மார்க்சியர் அல்லரே? இவ்வினாவுக்கான விடை புதியதன்று. 1888இல் மார்கிறெற் ஹார்க்னஸ் அம்மையாருக்கு எழுதிய கடிதத்தில் ஏங்கெல்ஸ், பால்ஸாக்கின் அனுதாபம் பிரபுக்கள் பக்கம் இருந்தபோதும் அவரது யதார்த்தவாதம் அவர்களது வீழ்ச்சியை உள்ளவாறு காட்டியதைச் சுட்டினார். படைப்பாளியின் நோக்கத்தை மீறி உண்மை படைப்பினுள் வந்து சேரலாம். 'எல்டன் றிங்'கின் விதிகள் உழைப்பைத் தெரிவிலிருந்து பிரிக்கின்றன. அதன் கதையோ பிரிக்கப்பட்ட உழைப்பை விலங்கோடு நம் கண்முன் நிறுத்துகிறது. உருவம் மறைப்பதை உள்ளடக்கம் காட்டிக்கொடுக்கிறது. இம்முரண்பாடே இவ்வாக்கத்துக்கு அதன் வகையைச் சேர்ந்த பலவற்றிலும் மேம்பட்ட கனதியை அளிக்கிறது.

இறுதிப் போரில் இன்னுமோர் உண்மை புலப்படுகிறது. அவ்வுலகின் தெய்விக ஒழுங்கைக் காக்கும் இறுதி எதிரிகள் இருவரும் புனிதச் சேதத்தைப் பெரிதும் தாங்கவல்லவர்கள். புனித வாளோடு அங்குச் சென்றவர் அதனை மாற்றியாக வேண்டும். ஓர் ஒழுங்கு தானே வழங்கிய ஒளியால் அவ்வொழுங்கை வீழ்த்துவது கடினம் என்பதை விதியின் மொழியிலேயே இவ்விளையாட்டு சொல்கிறது. அந்த மாற்றத்தையும் விளையாடுபவர் அருளொளியின் முன் அமர்ந்தே செய்கிறார் என்பது அதன் முரண்நகை.

ஆகவே முற்போக்குத் திறனாய்வு இவ்வகை ஆக்கங்களைப் புறக்கணிக்கவும் வேண்டியதில்லை, கொண்டாடவும் வேண்டியதில்லை. எவ்விடத்தில் நமக்குத் தெரிவு வழங்கப்படுகிறதோ அவ்விடத்தில் ஒரு வினாவை எழுப்பினாற் போதுமானது. நாம் விரும்பியவாறு மாற்றிக்கொள்ளும் இந்த வாளை அடித்தவன் யார், அவன் இப்போது எங்கிருக்கிறான்? அவ்வினாவோடு விளையாடும் இளைஞர் ஒருவர், அவ்வினாவின்றி நாவல் படிக்கும் அறிஞரைக் காட்டிலும் நமது நோக்கத்துக்கு நெருங்கியவர் என்பதே நமது முடிபு.