எழுத்தே திரையாக

நாடிழந்தோரின் கலையை அனுதாபம் ஒன்றாலேயே அளந்துவிடும் வழக்கம் நம்மிடையே உண்டு. பாலஸ்தீனம் பற்றியது என்றால் போற்றுகின்றோம். அது எத்தகைய படைப்பு எனக் கேட்பதில்லை. மோனா ஹாத்தூமின் 'தொலைவின் அளவுகள்' (1988) என்னும் வீடியோ படைப்பு அந்தச் சலுகையை வேண்டி நிற்பதன்று. நம் வாசகருள் பலரைத் திடுக்கிடச் செய்யக்கூடியதும் அதுவே. ஆதலின் அதனைச் சற்று நின்று ஆராய்தல் தகும்.

1948இல் ஹைஃபாவை இழந்த பாலஸ்தீனக் குடும்பத்தில், 1952ஆம் ஆண்டு பெய்ரூத்தில் பிறந்தவர் ஹாத்தூம். 1975இல் அவர் லண்டன் சென்றிருந்த வேளையில் லெபனானில் உள்நாட்டுப் போர் மூண்டது. ஊர் திரும்பும் வழி அடைபட்டது. அங்கேயே தங்கிக் கலைப் பள்ளிகளில் பயின்ற அவர், தம் உடலையே கருவியாகக் கொண்டு நிகழ்த்துகலையில் இறங்கினார். 1985இல், கறுப்பின மக்கள் மிகுந்து வாழ்ந்த பிரிக்ஸ்டன் தெருக்களில், காவலரும் இனவெறிக் கும்பலினரும் அணியும் கனத்த பூட்ஸுகளைக் கணுக்கால்களில் கட்டி இழுத்தவாறு வெறுங்காலுடன் நடந்தார். பின்தொடரும் அதிகாரத்தின் சுமை, ஒரு சொல்லும் இன்றி அங்கே விளங்கிற்று.

'தொலைவின் அளவுகள்' ஏறத்தாழ 15 நிமிடங்கள் ஓடுவது. பெய்ரூத்திலிருந்து தாய் எழுதிய மடல்களின் அரபு எழுத்துகள் திரையெங்கும் படர்ந்துள்ளன. அவற்றின் பின்னே நீராடும் தாயின் உருவம் மங்கலாகத் தெரிகின்றது; மகள் எடுத்த நிழற்படங்கள் அவை. இருவரும் 1981இல் அரபியில் உரையாடிச் சிரித்த ஒலி ஒருபுறம். அம்மடல்களை ஆங்கிலத்தில் வாசிக்கும் மகளின் துயர் தோய்ந்த குரல் மறுபுறம்.

நாணம் ஈமானின் கிளை எனப் பயின்ற நாம், ஒரு தாயின் மேனியைப் பொதுவில் காட்டலாமோ என வினவாதிருக்க இயலாது. அவ்வினாவைப் பிற்போக்கு எனத் தள்ளிவிடுவது நேர்மையன்று. படைப்பே அதனை மறைக்கவில்லை. அப்படங்கள் குறித்துத் தந்தை கொண்ட சினத்தைத் தாயின் மடலே பேசுகின்றது. அவற்றைப் பயன்படுத்த இசைந்தவரும் அத்தாயே.

பிரெஞ்சு ஓவியர் ஆங்க்ர், கீழ்நாடுகளைக் கண்ணால் காணாமலே, 1862இல் துருக்கியக் குளியலறை ஓவியத்தைத் தீட்டி முடித்தார். அதிலுள்ள பெண்களுக்குப் பெயரில்லை, பேச்சில்லை. காண்பவன் கண்ணுக்கு அவர்கள் விருந்து. ஹாத்தூமின் தாயோ பேசுகின்றார். கணவரைப் பற்றி, இழந்த மண்ணைப் பற்றி, பெண்ணாய் வாழ்வதைப் பற்றி மனந்திறக்கின்றார். காண்பவனுக்கும் அவர் உடலுக்கும் இடையே அவருடைய கையெழுத்தே திரையாக நிற்கின்றது. உடலைக் காட்டியதனால் நாணம் அழிந்தது என்பதைவிட, எழுத்தால் அது காக்கப்பட்டது என்பதே நம் முடிபு. இதைச் சான்றாகக் காட்டி வெறும் அதிர்ச்சிக்கு ஆடை களைவோர்க்கு இம்முடிபு பொருந்தாது.

தமிழ் முஸ்லிம்களாகிய நமக்கு இப்படைப்பில் தனியோர் இடமும் உண்டு. ஆங்கிலம் மட்டும் அறிந்தவனுக்கு மகளின் துயரம் கிட்டும்; தாயின் சிரிப்பு ஒலியாக மட்டுமே எட்டும். அரபி அறிந்தவனுக்கு இரண்டும் கிட்டும். நம்மில் பெரும்பாலோரோ, அவ்வெழுத்துகளை இளமை முதல் ஓதக் கற்றும், பொருள் அறியாதோர். ஹரகத் இல்லாத அக்கையெழுத்தில் அலிஃபும் லாமும் அடையாளம் தெரிகின்றன, செய்தி தெரிவதில்லை. நமது என்று எண்ணியிருந்த எழுத்து, மற்றொரு தாயின் அந்தரங்கமாய் நம்முன் நிற்கின்றது.

காயல்பட்டினத்திலும் கீழக்கரையிலும் நம் அன்னையர், கடல் கடந்து வணிகம் செய்த ஆடவர்க்கு அரபுத்தமிழில் மடல் வரைந்தனர். அப்பிரிவு பிழைப்புக்காக வந்தது, பெய்ரூத்தின் பிரிவு போரால் வந்தது; இரண்டையும் ஒன்றெனல் தகாது. ஆயினும் அரபுத்தமிழை வாசிக்க வல்லோர் இன்று நம்மிடையே அருகிவிட்டனர். குண்டுகளுக்கு நடுவிலிருந்து வந்த மடல்களை ஹாத்தூம் கலையாக்கி உலகின்முன் வைத்தார். எக்குண்டும் விழாத நம் வீடுகளில், பெட்டிக்குள் கிடக்கும் மடல்களை வாசிக்க நாம் என்ன முயற்சி செய்தோம்?