விலாசம் உண்டு, ஆள் எங்கே?

1871 அக்டோபர் 8-ம் தேதி இரவு பிடித்த தீ, 10-ம் தேதி வரை எரிந்து சிகாகோவின் நடுப்பகுதியைச் சாம்பலாக்கியது. நீதிமன்றக் கட்டடத்தோடு, சிகாகோ அடங்கிய குக் கவுண்டியின் ஆவணங்களும் போயின. நில உரிமை விவரங்களைத் தனியார் நிறுவனங்கள் சில எப்படியோ காப்பாற்றிவிட்டன. ஆனால் முந்தைய வருடம் எந்தத் தெருவில் யார் தையல்கடை வைத்திருந்தார், யார் வாடகைக்குக் குடியிருந்தார் என்று கேட்டால் எடுத்துக்காட்ட மிஞ்சியது வேறு ஒன்று: வியாபாரிகள் வாங்குவார்கள் என்று நம்பி அச்சடித்த நகர டைரக்டரி.

அதே ஆண்டு டிசம்பரில் எட்வர்ட்ஸ் என்ற டைரக்டரி நிறுவனம் தீ விபத்துக்கான தனிப் பதிப்பு ஒன்றைக் கொண்டுவந்தது. எரிந்துபோன கடைகள் இப்போது எங்கே திறந்திருக்கின்றன என்று அதில் பார்த்துக்கொள்ளலாம். ஒரு நகரம் இரண்டே மாதத்தில் எந்தத் திசையில் நகர்ந்தது என்பதை இதைவிடக் கச்சிதமாகச் சொல்லும் ஆவணம் கிடைப்பது அரிது.

டைரக்டரியின் பலம் அது வருடாவருடம் வந்ததில் இருக்கிறது. அமெரிக்க மக்கள்தொகைக் கணக்கு பத்து ஆண்டுக்கு ஒருமுறைதான். அதிலும் 1890-ம் ஆண்டுப் படிவங்கள் 1921-ல் வாஷிங்டனில் நடந்த தீ விபத்தில் பெரும்பாலும் நாசமாயின. ஆக, 1880-ல் 5 லட்சமாக இருந்து 1900-ல் கிட்டத்தட்ட 17 லட்சமாகிவிட்ட சிகாகோவில், இடைப்பட்ட இருபது ஆண்டுகளில் ஒரு குடும்பம் எங்கே இருந்தது என்று தேடுபவருக்கு டைரக்டரியை விட்டால் வழி குறைவு. 1890-ன் வாக்காளர் பதிவேடு உண்டு. அதில் ஆண்கள் மட்டுமே.

ஒரு வரியில் இருப்பது பெயர், தொழில், விலாசம். சொந்தக் குடித்தனமா, சாப்பாட்டோடு தங்கும் அறையா என்பதற்கு ஒரு சுருக்கெழுத்து. அவ்வளவுதான். ஆனால் ஐந்தாறு வருடப் புத்தகங்களை வரிசையாக வைத்து ஒரே பெயரைப் பின்தொடர்ந்தால் நேற்றைய குமாஸ்தா கடைக்காரராகிறார், கடை இரண்டு தெரு தள்ளிப் போகிறது, பிறகு ஒரு வருடம் அந்த இடத்தில் அவர் மனைவியின் பெயர், விதவை என்ற குறிப்புடன், அடைப்புக்குறிக்குள் கணவர் பெயரோடு வருகிறது. இறப்புச் சான்றிதழ் கிடைக்காத ஆய்வாளருக்கு அந்த ஒரு சொல்லே ஆண்டைக் குறித்துக்கொடுத்துவிடும். முன்பின் ஒரு வருடம் தள்ளித்தான் கொடுக்கும். அட்டையில் போட்ட ஆண்டும் வீடுவீடாக விவரம் எடுத்த காலமும் ஒன்றாக இருப்பதில்லை.

கதவைத் தட்டியவர் விற்பனைக்காக வந்தவர் என்பதை மறந்தால்தான் தொல்லை. 1785-ல் பிலடெல்பியாவில் மக்பெர்சன் தொகுத்த டைரக்டரியில், பெயர் சொல்ல மறுத்தவர்களின் பதிலையே பெயரிருக்கும் இடத்தில் அச்சிட்டிருக்கிறார்கள். சொல்ல முடியாது என்றவர் அப்படியே பட்டியலில் ஏறினார். எரிந்து விழுந்த ஒரு பெண் சிடுமூஞ்சிப் பெண் என்றே பதிவானார். பின்வந்த தொகுப்பாளர்களுக்கு இந்த நகைச்சுவை இல்லை. பதில் சொல்லாதவரை அவர்கள் பேசாமல் விட்டுவிட்டார்கள். வேலைக்குப் போகாத மனைவி, குழந்தைகள், மாதத்துக்கொரு அறை மாறிய கூலிக்காரர் எல்லாரும் அப்படி விடுபட்டவர்கள்தான். பொருள் வாங்கவோ கடன் அடைக்கவோ தேடப்படாதவருக்கு அந்தப் புத்தகத்தில் என்ன வேலை? அமெரிக்கத் தென்மாநிலப் பதிப்புகள் பலவற்றில் கறுப்பினத்தவரின் பெயருக்குப் பக்கத்தில் தனிக் குறி போட்டார்கள். அவமதிப்புக்காகப் போட்ட அந்தக் குறி, எந்தத் தெருவில் யாரை அடைத்து வைத்தார்கள் என்பதற்கு இன்று சாட்சியாகிறது.

சில புத்தகங்கள் வயதையே மறைக்கும். ராபர்ட் ஃபெர்கஸ் தொகுத்த 1839-ம் ஆண்டு சிகாகோ டைரக்டரி வெளிவந்தது 1876-ல். 1839-ல் அச்சான ஒரு சின்னப் பட்டியலை அவர் பிற்காலத்தில் நினைவிலிருந்தும் கேட்டறிந்தும் விரித்து எழுதினார். பயனுள்ள வேலைதான், ஆனால் அது நினைவுக்குறிப்பு. அதை 1839-ன் நேரடிச் சாட்சியாக எடுத்துக்கொள்பவர் முப்பத்தேழு வருட மறதியையும் சேர்த்தே எடுத்துக்கொள்கிறார்.

விலாசத்திலும் வில்லங்கம் உண்டு. 1909-ல் சிகாகோ தன் கதவு எண்களில் பெரும்பாலானவற்றை மாற்றியது. பழைய எண்ணை இன்றைய வரைபடத்தில் வைத்துப் பார்த்தால் பல தெரு தள்ளி வேறு வீட்டு வாசலில் போய் நிற்க நேரும். 'பழைய எண், புதிய எண்' என்று இரண்டையும் எழுதிப் பழகிய சென்னைவாசிக்கு இதை விளக்க வேண்டியதில்லை. சிகாகோவில் டைரக்டரி நிறுவனமே பழைய எண்ணுக்கு எதிரே புதிய எண்ணைப் போட்டு அட்டவணை வெளியிட்டது; அதைப் பார்க்காமல் 1908-ன் விலாசத்தைத் தொடுவது வீண்வேலை.

இத்தனை ஓட்டைகளும் தனி ஒருவரைத் தேடும்போது சமாளிக்கக்கூடியவை. எண்ணிக்கைக்குப் போகும்போதுதான் ஆபத்து. டைரக்டரியில் உள்ள பெயர்களை ஏதோ ஓர் எண்ணால் பெருக்கித் தங்கள் ஊரின் மக்கள்தொகை இவ்வளவு என்று பதிப்பாளர்கள் பெருமையடித்தது வியாபாரம். ஆய்வாளரும் ஏறக்குறைய அதே கணக்கைப் போடும் இடம் உண்டு. பீட்டர் நைட்ஸ் 1971-லும் ஸ்டீபன் தெர்ன்ஸ்ட்ராம் 1973-லும் பாஸ்டனைப் பற்றி எழுதிய நூல்களில், மக்கள் ஊரில் நிலைத்தார்களா, பெயர்ந்தார்களா என்று அறிய டைரக்டரிகளையும் பயன்படுத்தினார்கள். நகர ஏழைகள் எவ்வளவு வேகமாக இடம் மாறினார்கள் என்று காட்டிய முக்கியமான ஆய்வுகள் இவை. ஆனால் அடுத்த வருடப் பட்டியலில் ஒரு பெயர் இல்லையென்றால் அவர் ஊரை விட்டுப் போனாரா, செத்தாரா, பக்கத்துத் தெருவுக்குக் குடிபோய்க் கணக்கெடுப்பவர் கண்ணில் படவில்லையா? நைட்ஸ் இந்த விடுபாடுகளை ஆராய்ந்தே எழுதினார். அவர் முறையை எடுத்துக்கொண்டு எச்சரிக்கையை விட்டுவிடுபவர் கையில் விடுபட்ட ஏழை எல்லாம் ஊர்விட்டுப் போனவராகிவிடுவார்.

சிகாகோவில் இன்னும் பெரிய பள்ளம் ஒன்று இருக்கிறது. 1917-க்குப் பிறகு அந்த நகரத்துக்கு ஆண்டு டைரக்டரி இல்லை. 1923-ல் ஒன்று, 1928-29-ல் ஒன்று, அதோடு முடிந்தது. தெற்கிலிருந்து கறுப்பின மக்கள் வந்து குடியேறிய காலம் அது: 1910-ல் சுமார் 44,000 பேர், 1920-ல் 1,09,000, 1930-ல் 2,34,000. நகரம் தலைகீழாக மாறிய வருடங்களில் பெரும்பாலானவற்றில் புத்தகமே வரவில்லை. அந்தக் குடும்பங்களைத் தேடுபவர் 1920, 1930 கணக்கெடுப்புப் படிவங்களையும் தேவாலயப் பதிவுகளையும் கறுப்பினப் பத்திரிகையான 'சிகாகோ டிஃபெண்டர்' இதழையும் புரட்டியாக வேண்டும்.