கேபிள் டிரே: திறந்த வழியின் பலமும் ஆபத்தும்

ஆலை, மருத்துவமனை, ஐ.டி. வளாகம் என எங்கு பார்த்தாலும் கூரைக்கடியில் கேபிள்கள் இன்று டிரேயில்தான் ஓடுகின்றன. கான்ட்யூட் பைப்பை விட்டு டிரேக்கு மாறியதில் நியாயம் இருக்கிறது. திறந்திருப்பதால் காற்றுப் பட்டுச் சூடு தணிகிறது. உறை சேதமானால் கண்ணுக்குத் தெரிகிறது. நாளை ஒரு மோட்டார் கூடினாலும் சுவரை உடைக்காமல் இன்னொரு கேபிளைப் போட்டுக்கொள்ளலாம்.

இந்தக் கடைசி வசதியே கேடாகவும் முடிகிறது. முதல் நாள் ஒற்றை வரிசையில், இடைவெளி விட்டுக் கட்டிய டிரே, சில ஆண்டுகளில் கேபிள் குவியலாகிவிடுகிறது. அடியில் கிடப்பதன் சூடு வெளியேற வழியில்லாமல் அதன் மின்தாங்கு திறன் குறைகிறது. பிரேக்கரோ பழைய அளவிலேயே இருக்கிறது. தாங்கும் கம்பிகளின் எடைக் கணக்கும் முதல் நாளோடு நின்றுவிடுகிறது.

இணைப்பில் நடக்கும் அலட்சியம் இதைவிடக் கவலை தருகிறது. கப்லர் பிளேட்டில் போல்ட்டின் தலை உள்பக்கமும் நட்டு வெளிப்பக்கமும் வர வேண்டும். மாற்றிப் போட்டால், கேபிளை இழுக்கும்போது மரை நுனி உறையைக் கிழித்துவிடும். பவுடர் கோட்டிங் செய்த டிரேயில் போல்ட்டை எவ்வளவு முறுக்கினாலும் பூச்சு நடுவில் நிற்பதால் எர்த் தொடர்ச்சியை நம்ப முடியாது. பூச்சைச் சுரண்டிச் செம்பு ஜம்பர் போட வேண்டும். தளர்வாக விடப்படும் விரிவாக்க இணைப்புகளில் எர்த் தொடர்ச்சிக்கு அந்த ஜம்பர் ஒன்றே துணை. டிரேயின் நீளத்துக்கும் ஜி.ஐ. பட்டை ஓட்டி, ஒவ்வொரு துண்டையும் அதோடு சேர்க்கும் நம் ஊர் வழக்கத்தை வீண்செலவு என்பவர்கள் உண்டு. நான் அப்படி நினைக்கவில்லை. ஏதோ ஓர் இணைப்பு துருப்பிடித்தாலும் பழுது மின்சாரம் தரைக்குப் போக வழி இருக்கும்.

சுவரைக் கடக்கும் இடம்தான் எல்லாவற்றிலும் ஆபத்தானது. 1975 மார்ச் 22 அன்று அமெரிக்காவின் அலபாமா மாநிலத்திலுள்ள பிரவுன்ஸ் ஃபெர்ரி அணுமின் நிலையத்தில், கேபிள் துளையில் காற்று கசிகிறதா என்று பார்க்க ஒரு பணியாளர் மெழுகுவத்தியை நீட்டினார். கூடுதல் கேபிள்களுக்காகத் திறக்கப்பட்டு, பாலியூரித்தேன் நுரையால் அடைக்கப்பட்ட துளை அது. நுரை பற்றிக்கொண்டது. மறுபுறம் காற்றழுத்தம் குறைவாக இருந்ததால் தீச்சுடரைத் துளை உள்ளிழுத்தது. உலைக் கட்டடத்து டிரேக்களில் தீ ஏறத்தாழ 7 மணி நேரம் எரிந்தது. 1,600க்கும் மேற்பட்ட கேபிள்கள் சேதமாயின. முதல் அலகின் அவசரக் குளிர்விப்பு அமைப்புகள் செயலிழந்தன. கதிர்வீச்சு விபத்தாக அது முற்றாமல் போனது பெரும் நல்லூழ்.

டிரேயைக் கைவிடச் சொல்லவில்லை. அதைவிட நல்ல வழி பெரிய வளாகங்களுக்கு இல்லை. ஆனால் புதிதாக ஒரு கேபிள் போட்டாலும் அது புதுப் பணி என்றே கொள்ள வேண்டும். சுமையையும் சூட்டையும் மறுபடி கணக்கிடுங்கள். எர்த் தொடர்ச்சியை மீட்டர் வைத்துச் சோதியுங்கள். சுவர்த்துளையைத் தீத்தடுப்புப் பொருளால் அன்றைக்கே அடைக்காத வேலைக்குப் பில் பாஸ் செய்யாதீர்கள்.