கொலை சுலபம், விவாகரத்து கஷ்டம்

கட்டின மனைவியைப் பிடிக்கவில்லை. விவாகரத்துக்கு நாட்டில் சட்டமே கிடையாது. கொலை செய்தால் 21 வருஷத்துக்குக் குறையாமல் ஜெயில். ஆனால், அவளை இன்னொருத்தனுடன் பார்த்துவிட்டு, ஆத்திரத்தில், மானத்துக்காகச் சுட்டேன் என்றால் மூன்றிலிருந்து ஏழு வருஷம்தான். இத்தாலியக் குற்றவியல் சட்டம், பிரிவு 587. ஜோக் இல்லை, நிஜமாகவே இருந்த சட்டம்.

இதை வைத்து பியெத்ரோ ஜெர்மி 1961-ல் எடுத்த படம், 'டிவோர்ஸ் இட்டாலியன் ஸ்டைல்'. திரைக்கதைக்கு ஆஸ்கர் கிடைத்தது. சிசிலியில் நொடித்துப்போன பிரபு ஃபெஃபேயாக மார்செல்லோ மாஸ்த்ரோயானி. படிய வாரின எண்ணெய்த் தலை, அடிக்கடி வாயோரத்தைச் சுண்டி இழுக்கிற பழக்கம். உறவுக்காரச் சின்னப் பெண் ஆஞ்செலா மேல் ஆசை. வழி? மனைவிக்குத் தானே ஒரு காதலனைத் தேடிக்கொடுத்து, அப்புறம் ரோஷம் வந்து சுடுவது! ஒட்டுக்கேட்க டேப் ரிக்கார்டரை ஒளித்துவைக்கிறார். முக்கியமான கட்டத்தில் டேப் தீர்ந்துபோகிறது. ஊரே ஃபெல்லினியின் 'லா டோல்ச்சே வீட்டா' பார்க்கப் போயிருக்கும் ராத்திரியில் மனைவி ஓடியே போய்விடுகிறாள். (அந்தப் படத்து ஹீரோவும் மாஸ்த்ரோயானிதான்!)

சிரித்துக்கொண்டே வரும்போது ஒன்று உறைக்கும். இப்போது கொலையைக் கேட்பது ஃபெஃபே இல்லை, ஊர். சுடாதவரை அவன் ஆம்பிளையே இல்லை. கேலிக் கடிதங்கள் வருகின்றன, நடுத்தெருவில் காறித் துப்புகிறார்கள். சுட்டுவிட்டு வந்தால் மரியாதை.

மனைவி ரொசாலியா பாவம். உதட்டுக்கு மேல் லேசான மீசை, ஓயாத பேச்சு, ஓயாத கொஞ்சல். அவள் செய்த குற்றம் இவ்வளவுதான். ஆனால், கதை முழுக்க ஃபெஃபேயின் குரலில் வருவதால் பாதிப் படத்தில் நாமும் 'எப்படா தொலைவாள்' என்று காத்திருக்க ஆரம்பித்துவிடுகிறோம். ஊர்க்காரர்களோடு நம்மையும் சேர்த்துவிடுகிறார் ஜெர்மி. படத்தின் குறை என்று சிலர் சொல்லலாம். எனக்கு என்னவோ அதுதான் குசும்பின் உச்சம் என்று படுகிறது.

இத்தாலிக்கு விவாகரத்துச் சட்டம் 1970-ல் வந்தது. அதை ரத்து செய்யலாமா என்று 1974-ல் மக்களிடம் கேட்டார்கள். 59 சதவிகிதம் பேர் 'கூடாது' என்றார்கள். பிரிவு 587 ஒழிந்தது 1981-ல்தான். பிரிந்துபோக அனுமதித்த பிறகும், மானத்துக்காகக் கொன்றால் சலுகை என்பது பதினோரு வருஷம் உயிரோடு இருந்திருக்கிறது!

டிவிடி கிடைத்தால் பாருங்கள். கடைசி ஷாட்டில் படகில் ஆஞ்செலாவின் கால் என்ன செய்கிறது என்பதைத் தவறவிடாதீர்கள்.