விரும்பிச் சேர்ந்தவர் யார்?

ஷஅபான் தேர்வுகள் முடிந்து மதரஸா மூடியதும் இவ்வாண்டு பத்து நாட்கள் ஏற்காட்டில் தங்கினோம். சேர்வராயன் மலைத் தோட்டங்களில் காப்பிப் பழம் பறித்து முடிந்து, ஆட்கள் ஓய்ந்திருந்த காலம். கையோடு கொண்டு போனவை ப. சிங்காரத்தின் ‘கடலுக்கு அப்பால்’, ‘புயலிலே ஒரு தோணி’ ஆகிய இரு நாவல்கள். கூடவே பீட்டர் வார்டு ஃபே என்னும் அமெரிக்க ஆசிரியர் 1993இல் வெளியிட்ட இந்திய தேசிய ராணுவ வரலாறு. நாவல்களை முன்பே படித்திருக்கிறோம். இம்முறை ஒரு கேள்வியை வைத்துக்கொண்டு படித்தோம்.

கேள்வி வகுப்பறையில் பிறந்தது. அப்பாஸியர் காலப் படைகளைப் பற்றிப் பாடம் நடத்தும்போது இரு சொற்களைப் பிரித்துக் காட்டுவது வழக்கம். தீவான் பதிவேட்டில் பெயர் ஏறி, ஊதியம் பெற்றுப் போரிடுவோன் முர்தஸிக். பதிவும் ஊதியமும் இன்றித் தானே முன்வந்து சேருவோன் முதத்தவ்விஃ. ஒரு மாணவர் எழுந்து, “ஹஜ்ரத், நேதாஜி பட்டாளத்தில் சேர்ந்த நம்மவர்கள் இந்த இரண்டில் எந்த வகை?” என்று கேட்டுவிட்டார். இரண்டாம் வகை என்று உடனே சொல்லியிருக்கலாம். சொல்ல நா எழவில்லை.

‘தொண்டர் படை’ என்னும் பெயர் நம் நாட்டில் யாருக்கு முதலில் வாய்த்தது என்பதற்கு ஏற்காடே ஒரு சான்று. 1820களில் சேலம் கலெக்டராயிருந்த காக்பர்ன் இம்மலையில் காப்பியைக் கொண்டுவந்து நட்டார். அவர் பெயரோடு சேர்த்துப் பேசப்படும் கிரேஞ்சு மாளிகைக்கு, 1857இல் கலகம் இங்கும் பரவக்கூடும் என்றஞ்சி, கொத்தளம் எழுப்பிப் பீரங்கி வைத்தார்கள் என்பது உள்ளூரில் வழங்கும் செய்தி. அதே 1857இல் சென்னையில் வெள்ளையரின் தொண்டர் படை ஒன்று தோன்றியது. இந்தியரையும் அத்தகைய படைகளில் சேர்த்துக்கொள்ள வேண்டுமென்று 1886ஆம் ஆண்டுக் காங்கிரஸ் மாநாடு தீர்மானம் போட்டும் அரசு இணங்கவில்லை. ஊதியத்துக்குப் போரிட இந்தியன் வேண்டும். விரும்பிப் போரிட வேண்டாம்! இந்தக் கணக்கை உடைத்தது 1943. உடைந்த இடம் இந்தியா அன்று, சிங்கப்பூர்.

1942 பிப்ரவரி 17இல் பாரர் பார்க் திடலில் ஜப்பானியரிடம் ஒப்படைக்கப்பட்ட இந்தியப் போர்க் கைதிகள் 40,000க்கும் மேல். மோகன்சிங் திரட்டிய முதல் படை இவர்களிலிருந்து எழுந்து, அவ்வாண்டு முடிவதற்குள் குலைந்தது. 1943 ஜூலையில் சுபாஸ் சந்திர போஸ் வந்தபின் மலாயாவின் ரப்பர் தோட்டங்களிலிருந்து, துப்பாக்கியையே தொட்டறியாத தமிழர்கள் ஆயிரக்கணக்கில் வந்து சேர்ந்தனர். சேலம், திருச்சி, தஞ்சை, ஆர்க்காடு மாவட்டங்களிலிருந்து கங்காணிகள் வழியே கப்பலேறியவர்கள், அல்லது அவர்தம் மக்கள். ஏற்காட்டின் அடிவாரத்து ஊர்களுக்கும் பேராக்கின் ரப்பர் மரங்களுக்கும் இடையே இரத்த உறவு ஓடியது என்றால் மிகையன்று. மலாயாவில் அரிசியின்றி மரவள்ளியைத் தின்று நாட்களைத் தள்ளிய அந்நாளில்தான், மலாயாச் சவ்வரிசி வராமற் போனமையால், சேலத்தில் அதே கிழங்கிலிருந்து சவ்வரிசி செய்யும் தொழிலும் தொடங்கியது. சேலத்தார் அதைக் குச்சிக்கிழங்கு என்பர்.

இதை ஓர் உள்நாட்டுப் போர் என்று எவரும் எழுதுவதில்லை. ஆனால் 1944இல் இம்பால் முனையில் இருபுறமும் நின்றவர் இந்தியர். மதராஸ் ரெஜிமெண்டை 1942இல் ஆங்கிலேயர் மீண்டும் எழுப்பினர். அதன் வீரர்களும் பர்மாவில் போரிட்டனர். சுபாஸ் படைப்பிரிவை நடத்திச் சென்ற ஷா நவாஸ் கான், தம் உடன்பிறந்தவர் எதிரணியில் நின்றதையும் அவர் காயமுற்றதையும் செங்கோட்டை விசாரணையில் தாமே கூறினார். அண்ணனும் தம்பியும் எதிரெதிர் அணியில் நின்று சுட்டுக்கொள்வதை அரபியில் ஃபித்னா என்போம். அச்சொல்லை இங்கே ஆள நாம் தயங்கவில்லை.

இனி நாவல்களுக்கு வருவோம். சிங்காரம் 1938இல் சிங்கம்புணரியிலிருந்து மேடானுக்குப் போய், போர்க்காலத்தை அக்கரையிலேயே கழித்து, 1946இல் திரும்பியவர். ‘கடலுக்கு அப்பால்’ 1959இலும் ‘புயலிலே ஒரு தோணி’ 1972இலும் நூலாயின. முன்னதில் செல்லையா என்னும் இளைஞன் பட்டாளத்திலிருந்து மீண்டு வருகிறான். முதலாளி தம் மகள் மரகதத்தை அவனுக்குத் தர மறுக்கிறார். துப்பாக்கி தூக்கியவன் பெட்டியடிக்கு உதவான் என்பது அவர் கணக்கு. நாடு விடுதலையை நோக்கி நடக்கும் அதே நாளில், அந்த விடுதலைக்குப் போனவனைத் தமிழனின் வட்டிக்கடை ‘பற்று’ப் பக்கத்தில் எழுதுகிறது! எத்தனையோ தேசபக்தி நூல்கள் சொல்லாத உண்மையை இந்தச் சிறு நாவல் ஒரு குடும்பக் கதைக்குள் வைத்துவிட்டது. உண்மையைச் சொன்னால், பலரும் போற்றும் பின்னதைவிட நமக்கு இதுவே நெஞ்சில் தங்கியது.

பின்னது பெரிய படைப்பு; ஐயமில்லை. மலாய், சீனம், டச்சு ஆகியன கலந்த தமிழ். பழம்பெருமையைக் கேலி செய்யும் உரையாடல்கள். மதுரைத் தெருக்களை நினைத்து ஏங்கும் பாண்டியன். அவன் படையில் சேர்வதற்கு ஆசிரியர் உயர்ந்த காரணம் எதையும் அலங்கரித்து வைக்கவில்லை. போர் முடிந்தபின் சுமத்ராவுக்குப் போய் டச்சுக்காரரை எதிர்த்து நிற்கிறான், மடிகிறான். யாருடைய நாட்டுக்காக? இக்கேள்விக்கு விடை கூறாமல் விட்டது ஆசிரியரின் பெருந்தன்மை.

குறை ஒன்றுண்டு. சிங்காரத்தின் கண், கிட்டங்கியிலிருந்து பார்க்கும் கண். கணக்கு எழுதத் தெரிந்த இளைஞனை அது ஊடுருவிப் பார்க்கிறது. பால் வெட்டும் கத்தியை வைத்துவிட்டு வந்தவனை அணிவகுப்பின் பின்வரிசையில் நிறுத்திவிடுகிறது. ஃபேயின் வரலாறும் பிரேம் சேகல், லட்சுமி ஆகிய இருவரின் நினைவுகளைத் தூண்களாகக் கொண்டது. கடுமையாக உழைத்து எழுதிய நேர்மையான நூல். ஆயினும் அங்கும் பேசுவோர் அதிகாரிகளே. ஜான்சி ராணி ரெஜிமெண்டில் திரண்ட தோட்டத்துப் பெண்கள் பெரும்பாலும் எண்ணிக்கையாகவே நிற்கிறார்கள்.

நம் இதழ்களும் தவறின. சுதந்தர நாள் வந்தால் முஸ்லிம் பெயர்களைத் தஸ்பீஹ் மணிபோல் உருட்டுகிறோம். ஷா நவாஸ், ஹபீபுர் ரஹ்மான், ஆபித் ஹசன், 1943 செப்டம்பர் 10இல் சென்னைச் சிறையில் தூக்கிலேறிய வக்கம் அப்துல் காதர், நம் தமிழரான கரீம் கனி... பெயர்கள் மெய்யானவை, போற்றத் தக்கவை. ஆனால் ஆசாத் ஹிந்து அரசில் ஆலோசகராயிருந்த கரீம் கனி, 1950இல் சிங்கப்பூரில் நத்ரா வழக்குக் கலவரத்தையொட்டிச் சிறைவைக்கப்பட்ட வரலாற்றை எத்தனை கட்டுரைகள் தொட்டன? பட்டியல் போடுவது பங்கு கேட்பதற்கு உதவும். மனிதனை அறிய உதவாது. அந்தப் படையின் முழக்கமான இத்திஃபாக், இஃதிமாத், குர்பானி என்னும் மூன்றும் அரபு வேர்ச் சொற்கள் என்று எழுதி மகிழ்ந்தவர்களில் நாமும் ஒருவரே. அச்சொற்களை வாயில் சொல்லி நடந்த தோட்டத் தமிழனுக்கு அவை என்ன பொருள் தந்தன என்று நாம் கேட்டதில்லை.

போர் முடிந்ததும் பிரிட்டிஷார் இவ்வீரர்களை வெள்ளை, சாம்பல், கறுப்பு என மூவகைப்படுத்தினர். வற்புறுத்தலால் சேர்ந்தவனா, மனமாரச் சேர்ந்தவனா என்று விசாரித்து நிறம் கொடுத்தார்கள். செயல்கள் எண்ணத்தைப் பொறுத்தவை என்பது புகாரியின் முதல் ஹதீஸிலேயே நாங்கள் படிக்கும் பாடம். அந்த எண்ணத்தை அறிபவன் அல்லாஹ் ஒருவனே என்பதையும் சேர்த்தே படிக்கிறோம். விசாரணை அதிகாரி நிறம் பூசினான்; புகழ்மாலைக் கட்டுரையாளர் எல்லாருக்கும் ஒரே நிறம் பூசுகிறார். சிங்காரம் தூரிகையைக் கையில் எடுக்கவில்லை. தோட்டத்து மக்களை விட்டுவிட்ட குறையையும் மீறி அவரை நாம் உயர்த்திப் பேசுவது இதனால்தான்.

ஏற்காட்டில் ஜும்ஆ முடிந்து பள்ளித் திண்ணையில் அமர்ந்திருந்தோம். மடியிலிருந்த நூலைப் பார்த்த மிளகு வியாபாரி ஒருவர், எழுபது கடந்தவர், அருகே வந்தமர்ந்தார்.

“எங்க அத்தா இந்தப் பட்டாளத்திலே இருந்தாங்க, ஹஜ்ரத்.”

ஏன் சேர்ந்தார் என்று கேட்டோம்.

“நானும் கேட்டிருக்கேன். ‘சயாம் ரயிலுக்கு ஆள் பிடிச்சாங்க, தப்பிக்கப் போனேன்’னு ஒரு நாள் சொல்வாங்க. ‘அந்த மனுசன் பேச்சைக் கேட்டிருந்தா நீயும் போயிருப்பே’ன்னு இன்னொரு நாள் சொல்வாங்க. ரெண்டையும் ஒரே மாதிரிதான் சொல்வாங்க.”

தந்தையின் தம்பி சேலத்தில் சம்பளப் பட்டாளத்தில் சேர்ந்து அவரும் பர்மாவுக்குப் போனவராம். 1946இல் இருவரும் வீடு திரும்பினர். பெருநாளன்று ஒரே சஹனில் உட்கார்ந்து சாப்பிடுவார்களாம். பர்மாவைப் பற்றி இருவரும் வாய் திறந்து இவர் கேட்டதில்லை. 1972இல் தியாகிகள் ஓய்வூதியம் வந்தபோது அத்தாவும் மனுப் போட்டார். உடன் சிறையிருந்தவரின் சான்று கேட்டு அலுவலகம் திருப்பியனுப்பியது. அவர் சிறையில் இருந்ததே இல்லை, காட்டில் இருந்தார்.

“சிச்சாவோட டிஸ்சார்ஜ் காகிதம் பெட்டியிலே பத்திரமா இருக்கு, ஹஜ்ரத். அத்தாவுக்குத்தான் ஒரு துண்டுத் தாளும் இல்லை.”

அஸருக்குப் பாங்கு சொன்னார்கள். எழுந்தோம்.