வீடு திரைப்படத்தின் பின்னணி இசை

பாலு மகேந்திரா இயக்கி 1988-ல் வெளிவந்த 'வீடு' பாடல்கள் இல்லாத தமிழ்த் திரைப்படம். பாடல்களைத் தவிர்த்த முதல் தமிழ்ப்படம் அல்ல இது. எஸ். பாலசந்தரின் 'அந்த நாள்' (1954), வீணைக் கலைஞர் சிட்டிபாபு இசையமைத்த ஜெயகாந்தனின் 'உன்னைப்போல் ஒருவன்' (1965) ஆகியவை முன்னோடிகள். ஆனால் 'வீடு' படத்தின் பின்னணி இசை வேறொரு வகையில் சோதனை முயற்சி. இளையராஜா 1986-ல் வெளியிட்ட 'ஹவ் டு நேம் இட்?' இசைத்தொகுப்பின் பகுதிகளே இதில் பயன்படுத்தப்பட்டன. அதாவது, காட்சிகளைப் பார்த்து அமைக்கப்பட்ட இசை அல்ல.

தியாகராஜருக்கும் ஜெர்மானிய இசைமேதை பாக்குக்கும் காணிக்கையாக்கப்பட்ட தொகுப்பு அது. கர்நாடக ராகங்களும், பல மெட்டுகள் ஒரே நேரத்தில் பின்னிச்செல்லும் ஐரோப்பிய முறையும் அதில் உரையாடுகின்றன. வி.எஸ். நரசிம்மனின் வயலின் முதன்மைக் குரலாக ஒலிக்கிறது. (அதிலுள்ள ஒரு பகுதியின் தலைப்பு 'ஐ மெட் பாக் இன் மை ஹவுஸ்' என்பது தற்செயல்தான்.)

வாடகை வீட்டைக் காலிசெய்ய வேண்டிய சுதா (அர்ச்சனா) சென்னையில் சொந்த வீடு கட்ட முனைவது கதை. கடன், லஞ்சம், சிமெண்ட் திருட்டு எல்லாம் வெளிப்படையாகப் பேசப்படுகின்றன. பேசப்படாதது சுதாவின் அச்சம். வயலின் அந்த இடத்தை எடுத்துக்கொள்கிறது. எந்தக் காட்சிக்காகவும் எழுதப்படாததால் அது அழு என்றோ மகிழ் என்றோ பார்வையாளருக்குக் கட்டளையிடுவதில்லை. வழக்கமான தமிழ்ப் பின்னணி இசையிலிருந்து படம் விலகுவது இங்கேதான்.

இசை மிகச் சரியாகப் பொருந்துவது சொக்கலிங்க பாகவதர் நடித்த தாத்தாவிடம். அவர் ஓய்வுபெற்ற பாட்டு வாத்தியார். இசையின் கர்நாடகப் பாதி அவர் வாழ்ந்த உலகம்; மறுபாதி அந்த வீட்டில் எவருக்கும் உரியதல்ல. பாதி எழும்பிய கட்டடத்தைப் பார்க்க அவர் வரும் பகுதியில் இந்த நெருக்கமும் அந்நியமும் சேர்ந்தே ஒலிக்கின்றன.

குறையும் உண்டு. ஏற்கெனவே முழுமைபெற்ற இசை ஆதலால், கட்டுமானப் பணி நகரும் இடங்களில் கம்பி வாத்தியங்களின் செறிவு சித்தாள்களின் உழைப்பை அழகுபடுத்திவிடுகிறது. சட்டியும் மண்வெட்டியும் எழுப்பும் ஓசையே அங்கு போதுமானதாக இருந்திருக்கும்.

பாகவதரை மையமாக்கி பாலு மகேந்திரா அடுத்து எடுத்த 'சந்தியா ராகம்' (1989) படத்திலும் பாடல்களுக்கு இடமில்லை. அதற்கு இசை எல். வைத்தியநாதன்.