யாரைக் குடிவைப்பது?

தமிழ் இலக்கியத்தில் பெண் குழந்தைகள் விளையாடும் இடங்களை வரிசைப்படுத்திப் பார்த்தால், அவர்கள் பெரும்பாலும் வீடு கட்டிக்கொண்டிருப்பது தெரியும். சங்கப் பாடல்களில் மணலில் வண்டல் இழைக்கிறார்கள், பாவை செய்து பூச்சூட்டுகிறார்கள், சிறுசோறு ஆக்குகிறார்கள். ஆனால் அந்தச் சிற்றில் பல முக்கியமான பாட்டுகளில் உடைபடுவதற்காகவே வருகிறது. கலித்தொகையில் கபிலரின் குறிஞ்சிக்கலி நாயகி, தண்ணீர் கேட்டு வந்து கையைப் பிடித்தவனைத் தோழிக்கு அடையாளம் சொல்வதே, சின்ன வயதில் தன் மணல்வீட்டைக் காலால் சிதைத்தவன் என்றுதான். நாச்சியார் திருமொழியின் இரண்டாம் திருமொழி, கட்டிய வீட்டை அழிக்காதே என்ற மன்றாட்டு.

பிள்ளைத்தமிழ் இதை இன்னும் வெளிப்படையாகச் செய்கிறது. சிற்றில் கட்டுவது பெண் பிள்ளைகள். ஆனால் சிற்றில் பருவம் இருப்பதோ ஆண்பாற் பிள்ளைத்தமிழில். குமரகுருபரரின் முத்துக்குமாரசுவாமி பிள்ளைத்தமிழில் அது உண்டு. அவரே பாடிய மீனாட்சியம்மை பிள்ளைத்தமிழில் அந்த இடத்தில் அம்மானையும் நீராடலும் ஊசலும் இருக்கின்றன. மணலைக் குவித்துச் சுவர் எழுப்பிய கைகளின் வளர்ச்சி அங்கே ஒரு பருவமாகக் கணக்கிடப்படவில்லை. அதை மிதித்த காலின் வளர்ச்சிதான் பருவம். வகுப்பில் இதைச் சொல்லும்போதெல்லாம் மாணவிகள் பாடத்திட்டத்தைத் திருப்பி ஒருமுறை பார்த்துக்கொள்கிறார்கள்.

இந்தப் பின்னணியோடுதான் 'அனிமல் கிராசிங்: நியூ ஹொரைசன்ஸ்' என்ற ஜப்பானிய விளையாட்டை ஒரு பிரதியாக வாசிக்க முனைகிறேன். நின்டெண்டோ நிறுவனம் 2020 மார்ச் 20இல் வெளியிட்டது. அதை இயக்கியவர் ஆயா கியோகொகு என்ற பெண். அக்கா மகள் விடுமுறைக்கு அடி அண்ணாமலை வந்தபோது கொண்டுவந்த கருவியில்தான் நான் இதை அறிந்தேன். எதிரி கிடையாது, துப்பாக்கி கிடையாது, தோல்வியும் கிடையாது. ஆளில்லாத தீவில் கூடாரம் போட்டு, பழம் பறித்து, மீன் பிடித்து, கடன் அடைத்து வீடு கட்டுகிறோம். யாரும் வந்து மிதிக்காத சிற்றில். இத்தனை பெண்கள் இதை நேசித்ததற்கு அதுவே போதுமான காரணம் என்று முதலில் தோன்றும்.

ஆனால் வீடு கட்டியபின் அதில் யாரை வைப்பது என்ற கேள்வி வருகிறது. அங்கேதான் இந்தப் பிரதி கனமாகிறது.

*

தீவில் நம்மைத் தவிர 10 குடிகள்தாம் இருக்கலாம். பூனை, அணில், தவளை, யானை, கோழி என 400க்கு மேற்பட்ட விலங்குப் பாத்திரங்களிலிருந்து இந்தப் பத்துப் பேர் வர வேண்டும். ஒரு மனை காலியானால், நாம் ஒன்றும் செய்யாவிட்டாலும் யாரோ ஒருவர் தாமாக வந்து குடியேறிவிடுவார். அப்படி யாரோ வந்துவிடக் கூடாது என்பதுதான் விளையாடுபவர்களின் பெரிய பதற்றம். எனவே மனை காலியானதும் பயணச்சீட்டுகளைச் சேர்த்து வைத்துக்கொண்டு வேறு தீவுகளுக்குப் பறக்கிறார்கள். அங்கே ஒரு விலங்கு தனியே கூடாரமிட்டிருக்கும். முகம் பிடித்தால் அழைக்கலாம், பிடிக்கவில்லையென்றால் திரும்பி வந்து அடுத்த சீட்டைக் கிழிக்கலாம். இந்த வேலைக்கு அவர்கள் வைத்திருக்கும் பெயர் வேட்டை. நமக்கு இதைவிடப் பொருத்தமான சொல் உண்டு: பெண் பார்த்தல். பஜ்ஜி, சொஜ்ஜிகூட இல்லை. தான் பார்க்கப்படுகிறோம் என்பதே அந்த விலங்குக்குத் தெரியாது. ஊருக்குப் போய்ச் சொல்லி அனுப்புகிறோம் என்ற பேச்சுக்கும் அவசியமில்லை.

இந்தச் சந்தையில் விலை ஏறியவர்களும் உண்டு. இரு கண்களும் இரு நிறமான ரேமண்ட் என்ற பூனையைப் பெற 2020இல் விளையாட்டுப் பணம் மட்டுமல்லாமல் உண்மையான பணமும் கைமாறியது. அழகானவை, சுமாரானவை, யாரும் வேண்டாதவை என்று படிநிலைப் பட்டியல்கள் வந்தன. வேண்டாத குடியைப் பூச்சி பிடிக்கும் வலையால் தலையில் அடித்துக்கொண்டே இருந்தால் மனம் வெறுத்துப் போய்விடும் என்ற நம்பிக்கையும் பரவியது. அடித்தால் அது கோபிக்கும், பிறகு சமாதானமாகிவிடும். இந்தக் காட்சியை எங்கே பார்த்திருக்கிறோம் என்று பெண்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை.

எல்லாக் குடிகளும் எட்டு குணவகைகளுக்குள் அடங்கும். நான்கு ஆணுக்கு, நான்கு பெண்ணுக்கு. ஜப்பானிய வழக்கில் பெண் வகைகளில் ஒன்றின் பெயர் 'சாதாரணம்'. ஆண்களில் சாதாரணமானவர் என்றொரு வகையே இல்லை. இன்னொரு பெண் வகைக்கு அங்கே 'முதிர்ந்தவள்' என்று பெயர். அதே வகை ஆங்கிலத்துக்குப் போனபோது 'திமிர் பிடித்தவள்' ஆகிவிட்டது. வயதும் தன்மதிப்பும் உள்ள பெண்ணை ஒரு மொழியிலிருந்து இன்னொரு மொழிக்குக் கொண்டுபோகும் வழியில் என்ன நடக்கிறது பாருங்கள். நம் கொலுப்படியிலும் இது உண்டு. செட்டியார் பொம்மை எந்த ஆண்டும் மளிகைக் கடையைவிட்டு எழுந்ததில்லை. பொம்மைக் குடித்தனம் என்பது குணத்தையும் தொழிலையும் பிறப்பிலேயே ஒட்டிவிடும் கலையாகவே இருந்து வந்திருக்கிறது.

தீவின் அலுவலகத்தில் இசபெல் என்ற நாய்ப்பெண் இருக்கிறாள். இரவு இரண்டு மணிக்குப் போனாலும் மேசையில் இருப்பாள். தீவில் அவளுக்கென்று வீடு கிடையாது. ஒரு குடியைப் பற்றி அவளிடம் புகார் சொல்லலாம். புகார் சொல்லத் தரப்படும் தலைப்புகள்: பேச்சு, உடை, நடத்தை. ஒரு பெண்ணைப் பற்றி ஊர் பேசுவதற்கும் இவற்றைத் தாண்டி நான்காவதாக ஒன்று இருந்ததாக எனக்குத் தெரியவில்லை.

*

வருவது இப்படியென்றால், போவது எப்படி? இந்த விளையாட்டின் முந்தைய பதிப்புகளில் குடிகள் தாமாகப் போய்விடும். நாம் சில வாரம் எட்டிப் பார்க்காமல் இருந்தால், பிரியமானவரின் வீடு காலியாகியிருக்கும். விளையாடுபவர்களுக்கு அது பெரிய மனவேதனையாக இருந்தது. 2020 பதிப்பில் அது மாற்றப்பட்டது. இப்போது போக நினைக்கும் குடி தலைக்குமேல் சிந்தனைக் குமிழோடு சுற்றிக்கொண்டிருக்கும். நாம் போய்க் கேட்டால், வேறிடம் போகலாமா என்று யோசிப்பதாகச் சொல்லும். போ என்றால் போகும், இரு என்றால் இருக்கும். நாம் கேட்காவிட்டால் அந்த யோசனை அப்படியே கலைந்துபோகும்.

விளையாடுபவரின் மனம் நோகக் கூடாது என்பதற்காகப் பறிக்கப்பட்டது என்ன என்று கேட்டுப் பார்க்கலாம். வெளியேறும் உரிமை. அன்பின் பெயரால்தான் அது பறிக்கப்பட்டது. தான் போவதா வேண்டாமா என்பதை இன்னொருவர் வாயால் கேட்டுத் தெரிந்துகொள்ள வேண்டிய நிலையைத் தமிழ்க் குடும்பம் நன்றாக அறியும். மேற்படிப்புக்கு, வேலைக்கு, விடுதிக்கு, சில வேளை தாய் வீட்டுக்கு.

மறுபுறம், நாமே ஒருவரை வெளியேற்றவும் வழி உண்டு. குறிப்பிட்ட பாத்திரத்தின் அட்டையை விலைக்கு வாங்கிக் கருவியில் வைத்தால் அது முகாமுக்கு வரும். மூன்று நாள் அது கேட்டதைச் செய்து கொடுத்தால் குடியேறச் சம்மதிக்கும். இடமில்லையென்றால் இருப்பவர்களில் யாரை அனுப்புவது என்று நாம் தேர்ந்தெடுக்கலாம். அனுப்பப்படுபவர் ஏன் என்று கேட்பதில்லை. பெட்டிகளைக் கட்டிவைத்துக்கொண்டு இனிமையாக விடைபெறுகிறார். வெளியேற்றப்பட்டவருக்கு எதிர்ப்புச் சொல் ஒன்றுகூட இந்தப் பிரதியில் எழுதப்படவில்லை. சிற்றில் சிதைந்த பெண்களுக்காவது அழவும் திட்டவும் மன்றாடவும் பாட்டு இருந்தது.

இந்த விளையாட்டின் மூலக் கருவை உருவாக்கிய கட்சுயா எகுச்சி, வேலைக்காகச் சீபாவிலிருந்து கியோட்டோவுக்குக் குடிபெயர்ந்து, உறவும் நட்பும் இல்லாமல் தவித்த தனிமையிலிருந்தே இது பிறந்ததாகச் சொல்லியிருக்கிறார். 2001இல் வந்த முதல் ஆட்டத்தில் நாம் ஒரு புது ஊருக்கு வந்து சேர்ந்த அந்நியர். அங்கே இருந்தவர்கள் நம்மைப் பொறுத்துக்கொண்டார்கள். 2020இல் நாம் அதே தீவின் குடிகள் சார்பாளர், யார் வரலாம் என்று முடிவு செய்பவர். இடம் கிடைக்காதவரின் ஏக்கத்தில் தொடங்கிய கதை, இடம் கொடுப்பவரின் வசதியில் வந்து முடிந்திருக்கிறது.

*

திருவண்ணாமலையில் வாடகைக்கு வீடு தேடிய பெண்களுக்கு இந்தக் கதை வேறு மாதிரி வாசிக்கக் கிடைக்கும். நான் தேடிய காலத்தில் கிரிவலப் பாதையையொட்டிய தெருக்களில் டு-லெட் பலகைகளுக்குக் குறைவில்லை. கேள்விகளுக்கும் குறைவில்லை. "சார் எப்ப வருவாரு?" என்பது முதல் கேள்வி. சார் இல்லை என்றதும் "அப்ப கூட யாரு இருப்பா?" அடுத்து "கவுச்சி சமைப்பீங்களா?" கடைசியாக, குரலைத் தாழ்த்தி, "தப்பா எடுத்துக்காதீங்க, நீங்க என்ன ஆளுங்க?" முனைவர் பட்டமும் கல்லூரி அடையாள அட்டையும் இந்த நான்கு கேள்விகளில் எதற்கும் பதிலாகவில்லை. ஒரு வீட்டுக்காரம்மா அட்வான்ஸ் தொகை வரை பேசிவிட்டு, நான் கவிதை எழுதுகிறவள் என்று தெரிந்ததும், வீட்டுக்கு ஆண்கள் வந்து போவார்களா என்று கேட்டார். கார்த்திகை தீபத்துக்குப் பிறகு வெளிநாட்டவர் வந்து மாதக்கணக்கில் தங்கும் காலத்தில், அதே தெருக்களில் தனியாக வரும் அயல்நாட்டுப் பெண்ணுக்குப் பல கதவுகள் திறந்தன. அவரிடம் சாதி கேட்க யாருக்கும் தோன்றவில்லை. ரேமண்டுக்கு ஒரு வரிசை, மற்றவர்களுக்கு ஒரு வரிசை.

சட்டம் இங்கே எந்த அளவுக்குத் துணை வரும்? 2017இல் இயற்றப்பட்டு 2019இல் நடைமுறைக்கு வந்த தமிழ்நாட்டின் வாடகைச் சட்டம், ஒப்பந்தத்தைப் பதிவு செய்யச் சொல்கிறது. எந்தக் காரணங்களுக்காகக் குடியிருப்பவரை வெளியேற்றலாம் என்று வரையறுக்கிறது. ஆனால் அது குடியேறிய பிறகு கிடைக்கும் பாதுகாப்பு. வாசலில் கேட்கப்படும் கேள்வி அதன் எல்லைக்குள் வருவதில்லை. அரசியலமைப்பின் 15ஆம் பிரிவு கடை, உணவகம், கிணறு, குளம் ஆகியவற்றின் பெயரைச் சொல்லிப் பாகுபாட்டைத் தடுக்கிறது. வாடகை வீடு அந்தப் பட்டியலில் இல்லை. பார்சிகளுக்கு மட்டுமே இடம் என்ற ஒரு வீட்டுவசதிச் சங்கத்தின் விதி செல்லும் என்று 2005இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. குடியிருப்பவரைத் தேர்ந்தெடுப்பது நம் நாட்டில் இன்னும் சொந்த விருப்பம் என்ற கணக்கில்தான் இருக்கிறது, விளையாட்டைப் போல.

இந்த விளையாட்டு வெளியான அதே வாரத்தில் இந்தியா முடங்கியது. 2020 மார்ச் 24இல் டெல்லி எய்ம்ஸ் மருத்துவர்கள், வீட்டுக்காரர்கள் தங்களைக் காலி செய்யச் சொல்கிறார்கள் என்று உள்துறை அமைச்சருக்குக் கடிதம் எழுதினார்கள். உலகம் முழுவதும் வீட்டுக்குள் அடைபட்டவர்கள் ஒரு தீவில் பிடித்தமான அக்கம்பக்கத்தை அமைத்துக்கொண்டிருந்த நாட்களில், இங்கே வாடகை அறையிலிருந்து கிளம்பிய கூலித் தொழிலாளர்கள் குழந்தைகளோடு நெடுஞ்சாலையில் நடந்துகொண்டிருந்தார்கள்.

*

அப்படியானால் பெண்கள் இதை விளையாடக் கூடாதா? அப்படிச் சொல்வது இந்தக் கட்டுரையின் வேலையல்ல. கூடத்தில் யார் உட்காரலாம், விருந்துக்கு யார் வரலாம், மகள் அறைக்குள் எந்தத் தோழி நுழையலாம் என்பதில் சொல் இல்லாதவர்களுக்கு, பத்து வீட்டின் சாவி கையில் கிடைப்பது சிறிய இன்பமல்ல. அந்த இன்பத்தை நான் மதிக்கிறேன். கேள்வி, அது எந்த வடிவத்தில் தரப்படுகிறது என்பதே. நமக்கு மறுக்கப்பட்ட அதிகாரம் நமக்கு விளையாட்டாக வரும்போது, அது வீட்டுக்காரரின் அதிகாரமாகவே வருகிறது. அண்டை வீட்டாராக இருக்கும் உரிமையாக வருவதில்லை.

முதுகலை வகுப்பில் இதைப் பேசியபோது, விளையாடிப் பழகிய மாணவி ஒருத்தி தன் தீவைக் காட்டினாள். பட்டியல்களில் கடைசியில் கிடக்கும் ஒரு குடி அவள் தீவில் இருந்தது. மனை காலியானபோது வேட்டைக்குப் போகாமல் விட்டிருக்கிறாள், அது தானாக வந்து குடியேறியிருக்கிறது. ஏன் மாற்றவில்லை என்று மற்றவர்கள் கேட்டார்கள். "வந்துடுச்சு, இருக்கட்டுமே. நான் கூப்பிட்டா வந்துச்சு?" என்றாள்.

மனையைக் காலியாக விட்டு, வருபவர் யாராக இருந்தாலும் இருக்கட்டும் என்று சொல்லும் வழியும் அதே விதிகளுக்குள்தான் இருக்கிறது. விளையாடுபவர்கள் அதைத் துரதிர்ஷ்டம் என்கிறார்கள். ஊர் என்று நாம் சொல்வது உண்மையில் அதைத்தான். கூப்பிடாமல் வந்தவர்கள், பிடித்துத் தேர்ந்தெடுக்கப்படாதவர்கள், இருந்தும் ஒரே குழாயில் தண்ணீர் பிடிப்பவர்கள். அவள் தீவில் அந்தக் குடிக்கு ஒரு வீடு இருக்கிறது. அதே மாணவி படிப்பு முடித்துச் சென்னையில் அறை தேடும் நாளில் அவளிடமும் அந்த நான்கு கேள்விகள் கேட்கப்படும். அவற்றைக் கேட்பது குற்றம் என்று ஒரு சட்டம் எழுதப்படும் வரை, வாசலில் நிற்கும் பெண்ணின் பக்கத்திலிருந்து இந்தப் பிரதிகளை நாம் வாசித்துக்கொண்டிருக்க வேண்டியிருக்கிறது.